'இங்கே வா'வும் 'சரிங்க'வும்

மலையகத்துப் பிள்ளைகளுக்குப் பேசத் தெரியாது என்ற குற்றச்சாட்டு அண்மைக் காலமாக அடிக்கடி காதில் விழுகின்றது. கொழும்பில் நிறுவனம் நடத்துபவர் சொல்கிறார். பல்கலைக்கழக விரிவுரையாளர் சொல்கிறார். மலையகத்தின்மீது உண்மையான அக்கறை கொண்டவர்களும் சொல்கிறார்கள். "படிப்பில் குறைவில்லை, ஆனால் நேர்முகப் பரீட்சையில் தலையைக் குனிந்துகொள்கிறார்கள். கேட்ட கேள்விக்கு ஒரு சொல்லில் பதில். விளங்கியதா என்றால் 'சரிங்க' என்கிறார்கள், வெளியே போய் நண்பனிடம் விளக்கம் கேட்கிறார்கள்" என்பது இந்த முறைப்பாட்டின் சாரம். இதற்குப் பரிகாரமாகத் தொடர்பாடல் திறன் வகுப்புகளும் பயிற்சிப் பட்டறைகளும் அட்டனிலும் நுவரெலியாவிலும் தலவாக்கலையிலும் நடைபெறுகின்றன.

வகுப்புகள் நடப்பதில் எனக்கு மறுப்பில்லை. பிள்ளைகள் எதைக் கற்றாலும் நன்மையே. ஆனால், நோய் இன்னதென்று சரியாக அறியாமல் கொடுக்கப்படும் மருந்து பலன் தராது. மலையக மக்களுக்குப் பேசத் தெரியாது என்ற முடிவு பிழையானது என்பதே பத்திரிகைப் பணியின் பொருட்டுப் பல ஆண்டுகள் அந்த மலைகளில் ஏறி இறங்கிய எனது கருத்து. அவர்களுக்குப் பேசத் தெரியும். எவரிடம், எந்த இடத்தில், எவ்வளவு பேசலாம் என்பதும் மிக நன்றாகத் தெரியும். அந்த இரண்டாவது அறிவை அவர்களுக்குப் புகட்டியது பள்ளிக்கூடம் அன்று, பெரட்டுக்களம்.

பேச்சு என்பது சொற்கள் மட்டுமல்ல என்பதை நாம் அறிவோம். குரலின் ஏற்ற இறக்கம், வேகம், இடையில் விடும் மௌனம், பெருமூச்சு, செருமல், உச்சுக் கொட்டுதல், 'ம்' போடுதல் ஆகிய யாவும் பேச்சின் பகுதிகளே. அமெரிக்க மொழியியலாளர் ஜோர்ஜ் டிரேகர் 1958இல் இவற்றைத் தனியொரு ஆய்வுப் பொருளாக வகுத்து எழுதினார். சொல்லுக்குப் பக்கத்தில் நிற்கும் மொழி என்று அதனைச் சொல்லலாம். ஒரு வாக்கியத்தைச் சரியாக அமைப்பது ஓர் அறிவு. அதனை உரிய ஆளிடம், உரிய நேரத்தில், உரிய முறையில் சொல்வது வேறோர் அறிவு. இந்த இரண்டாவது அறிவை ஆராய்வதற்கென்று 20ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் மொழியியலில் ஒரு தனித்துறையே வளர்ந்தது.

தமிழருக்கு இது புதிதன்று. மெய்ப்பாடுகள் எட்டு என்று தொல்காப்பியம் வகுத்தது. திருக்குறளில் குறிப்பறிதல் என்ற பெயரிலேயே இரண்டு அதிகாரங்கள் உள்ளன. ஒன்று அரசவைக்கு, மற்றொன்று காதலுக்கு. இவற்றைவிட என்னை வியக்க வைப்பது தொல்காப்பியத்தின் எச்சவியல் கூறும் ஒரு விதி. ஒரு பொருளைக் கேட்பதற்கு ஈ, தா, கொடு என மூன்று சொற்கள் உள்ளன. கேட்பவன் தாழ்ந்தவனாயின் 'ஈ' என்பான். ஒத்தவனாயின் 'தா' என்பான். உயர்ந்தவனாயின் 'கொடு' என்பான். பொருள் ஒன்றே. ஆனால், வாயைத் திறந்த மாத்திரத்தில் இவன் எந்தப் படியில் நிற்கின்றான் என்பது வெளிப்பட்டுவிடும். இலக்கணத்துக்கு இது ஒரு விதி. மலையகத்துக்கு இதுவே இருநூறு ஆண்டுகால வாழ்க்கை.

1820களில் கோப்பிப் பயிர்ச்செய்கைக்காகத் தமிழகத்துக் கிராமங்களிலிருந்து கண்டிச் சீமைக்கு அழைத்துவரப்பட்டவர்கள் இம்மக்களின் மூதாதையர். கோப்பி நோய்கண்டு அழிந்தபின், 1867இல் ஜேம்ஸ் டெய்லர் லூல்கந்துரையில் தொடக்கிய தேயிலை அவர்களது வாழ்க்கையாயிற்று. வெள்ளைக்காரத் துரைமாருக்குத் தமிழ் கற்பிப்பதற்கென்று கொழும்பில் கைநூல்கள் அச்சிடப்பட்டன. 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் ஃபெர்குசன் அச்சகத்திலிருந்து வெளிவந்த ஒரு நூலின் பெயரே 'இங்கே வா'. சின்னத்துரையின் சட்டைப்பைக்கு ஏற்ற தமிழ் வழிகாட்டி அது. 1915இல் டபிள்யூ. ஜீ. பீ. வெல்ஸ் என்பவர் வெளியிட்ட மற்றொரு நூலுக்குக் 'கூலித் தமிழ்' என்று பெயர். ஒரு மொழியைக் கற்பிக்க முனைபவர் முதலில் வணக்கம் கூறக் கற்பிப்பார். நலம் விசாரிக்கக் கற்பிப்பார். துரைமாரின் வழிகாட்டிக்கோ, அட்டையிலேயே ஏவல் நின்றது. அதுவும் ஒருமையில்.

இந்தத் துரைத் தமிழை ஏதோ வெள்ளைக்காரரின் அரைகுறை மொழியறிவு என்று சிரித்துவிட்டுப் போக முடியாது. அந்தத் தமிழில் இலக்கணப் பிழைகள் இருந்திருக்கலாம். ஆயினும், அதன் நோக்கம் நிறைவேறுவதற்கு இலக்கணம் தேவைப்படவில்லை. வா, போ, எடு, வெட்டு, பேசாதே என்ற சில ஏவல்களும் அவற்றுக்குரிய உரத்த குரலும் போதுமாயிருந்தன. ஒரு தோட்டத்தை நடத்துவதற்கு அவ்வளவு தமிழே போதும் என்றால், அங்கே எப்படிப்பட்ட உறவு நிலவியது என்பதை வாசகர்கள் ஊகித்துக்கொள்ளலாம்.

தோட்டத்தில் பேச்சு மேலிருந்து கீழே படிப்படியாக இறங்கியது. பெரிய துரை சின்னத்துரையிடம், சின்னத்துரை கணக்கப்பிள்ளையிடம், கணக்கப்பிள்ளை கங்காணியிடம், கங்காணி தொழிலாளியிடம். கீழிருந்து மேலே செல்லும் பேச்சும் இதே படிகளில்தான் ஏற வேண்டும். ஒவ்வொரு படியிலும் அது தேய்ந்தது. தொழிலாளி நேரடியாகத் துரையிடம் வாய் திறப்பது துணிச்சல். பல சமயங்களில் குற்றம். துரை வரும் பாதையில் குடையை மடக்கி, தலைத்துண்டை அவிழ்த்து, ஓரமாக ஒதுங்கி நிற்க வேண்டியிருந்த காலத்தைப் பற்றி முதியவர்கள் இன்றும் சொல்வார்கள். கண்ணை நேரே பார்ப்பது திமிர். மறுமொழி கூறுவது 'எதிர்த்துப் பேசுவது'. இந்தச் சொற்றொடரைக் கவனியுங்கள். மறுமொழியே எதிர்ப்பு என்று பெயர் பெற்றுவிட்ட இடத்தில், பேசாமலிருப்பது பிழைக்கும் வழி.

அதிகாலையில் பெரட்டுக்கு அழைத்த தப்பும் ஒரு மொழிதான். பெரட்டுக்கு ஓர் அடி, சாவுக்கு ஓர் அடி, திருவிழாவுக்கு ஓர் அடி. சொல் ஒன்றுமில்லாமலே லயத்திலிருந்த அனைவருக்கும் செய்தி விளங்கியது. பெரட்டுக்களத்தில் பெயர் கூப்பிடும் குரலின் தொனியைக் கொண்டே அன்றைக்கு எந்த மலை, என்ன வேலை, துரையின் மனநிலை எப்படி என்பதை ஊகித்துவிடும் பெண்களை நான் சந்தித்திருக்கிறேன். கொழுந்து நிறுக்கும் இடத்தில் கணக்கப்பிள்ளை பென்சிலை எடுக்கும் விதத்திலேயே அன்று அரைப்பேரா முழுப்பேரா என்று அறிந்துகொள்வார்கள். குறிப்பறிதலில் இவர்களுக்கு எவரும் பாடம் நடத்தத் தேவையில்லை.

இனி, 'சரிங்க' என்ற சொல்லுக்கு வருவோம். 'ங்க' என்ற அந்தச் சிறு விகுதி தமிழகத்திலிருந்து வந்த செல்வம். வாங்க, சொல்லுங்க, இல்லீங்க, ஆமாங்க என்று பேச்சின் முடிவில் ஒட்டிக்கொண்டு, கேட்பவரை மதிக்கும் மரியாதைச் சொல் அது. வெறுப்பதற்கு அதில் ஒன்றுமில்லை. ஆனால், தோட்டத்தில் அது ஒருவழிப் பாதையாயிற்று. கீழிருந்து மேலே 'ங்க' ஏறியது. மேலிருந்து கீழே 'வா, போ' இறங்கியது.

அமெரிக்க ஆய்வாளர்களான ரோஜர் பிரவுனும் அல்பர்ட் கில்மனும் 1960இல் எழுதிய புகழ்பெற்ற கட்டுரையொன்றில் ஐரோப்பிய மொழிகளின் 'நீ', 'நீங்கள்' சொற்களை ஆராய்ந்து, அவை அதிகாரத்தையும் காட்டும், நெருக்கத்தையும் காட்டும் என்றார்கள். இருவரும் ஒருவரையொருவர் 'நீ' என்றால் அது நெருக்கம். ஒருவர் மட்டும் 'நீ' என்று சொல்லி மற்றவர் 'நீங்கள்' என்றால் அது அதிகாரம். மலையில் கொழுந்து பறிக்கும் இரு பெண்கள் 'வாடி', 'போடி' என்று பேசிக்கொள்ளும்போது அதில் ஓர் உறவு இருக்கிறது. அதே ஒருமை மேலதிகாரியின் வாயிலிருந்து, அவரது பாட்டியின் வயதுடைய பெண்ணை நோக்கி வரும்போது, அது வேறு சொல்லாகிவிடுகிறது. எழுத்துக்கூட்டல் மாறவில்லை, அதன் பொருள் மாறிவிட்டது.

மற்றொரு செய்தியும் இங்கே பொருந்தும். மரியாதைப் பேச்சு பற்றி உலகெங்கும் இன்று எடுத்தாளப்படும் கோட்பாட்டை உருவாக்கியவர்கள் பெனலோப் பிரவுன், ஸ்டீபன் லெவின்சன் என்ற இருவர். 1978இல் முதலில் வெளிவந்து 1987இல் தனிநூலான அந்த ஆய்வுக்கு ஆதாரமாக இருந்த மூன்று மொழிகளுள் தமிழும் ஒன்று. கோயம்புத்தூர்ப் பகுதிக் கிராமமொன்றில் மக்கள் பேசிய தமிழ் அது. சாதிப் படிகளுக்கேற்ப ஒருவர் பணிவதும் ஒருவர் ஏவுவதும் பேச்சில் எவ்வாறு பதிகின்றன என்பதற்கு நமது மொழி உலகுக்கே உதாரணமாயிற்று. மலையகத்துக்குக் கப்பலேறி வந்தவர்கள் இந்தப் படிகளையும் சுமந்தே வந்தார்கள். கங்காணி முறை அதன்மீதே கட்டப்பட்டது. ஆகவே, பழியை முழுவதும் வெள்ளைக்காரரின் தலையில் சுமத்திவிட்டு நாம் ஒதுங்கிக்கொள்ள இயலாது.

'சரிங்க' என்பதன் பொருள் என்ன? அகராதியைக் கேட்டால் சம்மதம் என்று சொல்லும். தோட்டத்தில் அதன் முதற்பொருள் 'நீங்கள் சொல்வது காதில் விழுந்தது' என்பதே. இரண்டாவது பொருள், 'நான் இந்த இடத்தை விட்டுப் போகலாமா' என்பது. சம்மதம் என்பது கடைசிப் பொருள்; பல வேளைகளில் அது இருப்பதே இல்லை. இந்த வேறுபாட்டை விளங்கிக்கொள்ளாமல் மலையகத்தில் எவ்வளவு கடதாசிகளில் கைந்நாட்டும் கையொப்பமும் வாங்கப்பட்டிருக்கும் என்று எண்ணிப் பாருங்கள். வைத்தியர் சிகிச்சையை விளக்குகிறார், 'சரிங்க'. கடன் கொடுப்பவர் வட்டியைச் சொல்கிறார், 'சரிங்க'. தோட்ட விசாரணையில் குற்றப்பத்திரம் வாசிக்கப்படுகிறது, 'சரிங்க'. ஒப்புக்கொண்டார் என்று எழுதப்படுகிறது. ஒரு சொல்லைத் தவறாக விளங்கிக்கொண்டால் ஒரு வேலையோ, ஒரு சேமிப்போ, சில வேளைகளில் ஓர் உடம்போ கைநழுவிப் போகலாம்.

வைத்தியசாலையை எடுத்துக்கொள்வோம். வலி என்பதற்கு நமது மக்களிடம் எத்தனை சொற்கள்! குத்துகிறது, கடுக்கிறது, உளைகிறது, எரிகிறது, இழுக்கிறது. ஒவ்வொன்றும் வெவ்வேறு நோயைச் சுட்டக்கூடியது. ஆனால், அவசரத்திலிருக்கும் வைத்தியர் வேற்று மொழியில் கேட்கும்போது, இவை யாவும் 'ஒரு மாதிரியா இருக்குங்க' என்ற ஒற்றை வாக்கியத்துக்குள் ஒடுங்கிவிடுகின்றன. பெண்ணாயிருந்தால், சொல்ல வந்தது இன்னும் பாதியாகக் குறைந்துவிடும். முந்தானை வாயருகே செல்வதையும் குரல் தாழ்வதையும் காண்பவருக்கு அங்கே இன்னொரு செய்தி உண்டு என்பது புரிய வேண்டும். காணாதவர் 'நோயாளி விபரம் கூறவில்லை' என்று எழுதிவிடுவார்.

ஒரு மலையக நகரத்தின் அரச அலுவலகமொன்றில் சில ஆண்டுகளுக்கு முன் நான் கண்டதை இங்கே சொல்ல வேண்டும். கருமபீடத்தின் முன் ஒரு முதிய பெண். உள்ளே ஓர் இளம் சிங்கள எழுதுவினைஞர். நல்ல சுபாவமுள்ளவர். அந்த அம்மையாரைப் பார்த்து "என்ன" என்றார். சிங்களத்தில் அதன் பொருள் 'வாருங்கள்', மரியாதையான அழைப்பு. அம்மையாரின் காதில் விழுந்ததோ தமிழ் 'என்ன?'. அதட்டலென்று எண்ணி இரண்டடி பின்வாங்கினார். எழுதுவினைஞர் நாற்காலியைக் காட்டி, "வாடி வென்ன" என்றார். 'தயவுசெய்து அமருங்கள்' என்று அர்த்தம். 'வாடி' என்ற சொல் காதில் விழுந்ததும் அம்மையாரின் முகம் சுருங்கியது. பின்னால் நின்ற ஒருவர் விளக்கிய பின்னரே அவர் அமர்ந்தார். இருவர்மீதும் குற்றமில்லை. அந்த இளைஞரின் முகத்தில் புன்னகை இருந்தது. ஆயினும், அந்த அம்மையார் அவரது முகத்தைப் பார்க்கவேயில்லை. கருமபீடத்துக்கு அப்பால் இருப்பவரின் முகத்தைப் பார்க்கும் பழக்கம் அவருக்கு எந்நாளும் வாய்த்திருக்கவில்லை.

சிங்களத்திலும் இத்தகைய படிகள் உண்டு. 'என்ன' என்று அழைப்பவரும் உண்டு. 'வரென்' என்று ஏவுபவரும் உண்டு. 'உம்ப' என்பது நண்பர்களிடையே நெருக்கம்; அலுவலகத்தில் இழிவு. மலையக மக்களில் பலர் சிங்களம் பேசுவார்கள். ஆனால், அவர்கள் காதில் அதிகம் விழுந்த சிங்களம் எந்தப் படியைச் சேர்ந்தது என்பதே கேள்வி.

தமிழ் பேசும் அதிகாரி வந்துவிட்டால் எல்லாம் சரியாகிவிடும் என்று நினைப்பவர்களுக்கும் ஒரு வார்த்தை. யாழ்ப்பாணத் தமிழில் 'ங்க' இல்லை. அங்கே நீ, நீர், நீங்கள் என மூன்று படிகள். 'நீர் இரும்', 'வாரும்' என்று சொல்பவர் தம்மளவில் ஓரளவு மதிப்புடனேயே சொல்கிறார். மலையகத்தவரின் காதில் அது விறைப்பாக, மேடை நாடகத்து அரசனின் கட்டளைபோல் ஒலிக்கிறது. மறுபுறத்தில், மலையகத்தவரின் 'ங்க' யாழ்ப்பாணத்தவரின் காதில் தேவைக்கு மீறிய குழைவாக ஒலிக்கிறது. இந்தச் சிறு வேறுபாட்டின்மீது ஏளனம் ஏறியமர்ந்தது. 'தோட்டக்காட்டான்', 'வடக்கத்தியான்' என்ற சொற்களைச் சக தமிழரே பிரயோகித்தனர் என்பதை மறைக்க வேண்டியதில்லை. தாய்மொழி ஒன்றாக இருப்பது மட்டும் மரியாதைக்கு உத்தரவாதமாகாது.

சட்டம் என்ன செய்தது என்று பார்ப்போம். 1956இல் சிங்களம் மட்டும் சட்டம் வந்தது. 1958இல் தமிழ் மொழி விசேட ஏற்பாடுகள் சட்டம். 1978 அரசியலமைப்பில் தமிழ் தேசிய மொழியாயிற்று. 1987இல் 13ஆவது திருத்தம் தமிழும் அரசகரும மொழியாகும் என்றது; 1988இல் 16ஆவது திருத்தம் நிர்வாக மொழி ஏற்பாடுகளை விரிவாக்கியது. 1999இல் நுவரெலியா மாவட்டத்தின் பிரதேச செயலகப் பிரிவுகள் இருமொழி நிர்வாகப் பிரிவுகளாகப் பிரகடனம் செய்யப்பட்டன. 2007 ஜூலை 1ஆம் திகதிக்குப் பின் அரச சேவையில் சேர்பவர்கள் ஐந்து ஆண்டுகளுக்குள் மற்றைய அரசகரும மொழியில் தேர்ச்சி பெற வேண்டும் என்று சுற்றறிக்கை வந்தது. இவை யாவும் வரவேற்கத்தக்கவை. நீண்ட போராட்டங்களின் பயனாகக் கிடைத்தவை. நடைமுறையில் உள்ள குறைகளைப் பற்றி ஏராளமாக எழுதப்பட்டுள்ளது.

நான் கேட்பது வேறொரு கேள்வி. தமிழில் தேர்ச்சி பெற்றுவிட்ட ஓர் அதிகாரி, கருமபீடத்துக்கு வரும் தொழிலாளியை எந்தத் தமிழில் அழைக்கப் போகிறார்? 'இங்கே வா' என்பதும் தமிழ்தான். அதில் இலக்கணப் பிழை இல்லை. ஒரு படிவத்தை மொழிபெயர்ப்பதற்குச் சட்டம் வழி செய்கின்றது. அந்தப் படிவத்தை நீட்டும் கையின் வேகத்தையும் கூடவே வரும் குரலையும் எந்தச் சட்டமும் மொழிபெயர்ப்பதில்லை.

இம்மக்களின் எச்சரிக்கைக்கு இன்னொரு காரணமும் உண்டு. 1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கப் பிரஜாவுரிமைச் சட்டம் அவர்களை நாடற்றவர்களாக்கியது. 1949ஆம் ஆண்டுச் சட்டத்தின்கீழ் பிரஜாவுரிமை கோரியவர்கள் அதிகாரிகளின் விசாரணைக்கு உட்பட்டார்கள். பெரும்பாலான விண்ணப்பங்கள் நிராகரிக்கப்பட்டன. 1964 ஒக்டோபரில் சிறிமாவோவும் சாஸ்திரியும் செய்த ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் என்று பங்கிட்டது. எஞ்சிய 1,50,000 பேரை 1974இல் இரு நாடுகளும் சரிபாதியாகப் பகிர்ந்துகொண்டன. எஞ்சியோரின் பிரச்சினைக்கு 2003ஆம் ஆண்டுச் சட்டம்வரை காத்திருக்க வேண்டியிருந்தது. அதிகாரியின் மேசையில் கூறிய ஒரு பதில் ஒரு குடும்பத்தின் நாட்டையே தீர்மானித்த காலம் அது. அத்தகைய மேசையின் முன் நின்றவர்களின் பேரப்பிள்ளைகள் இன்று நேர்முகப் பரீட்சை மேசையின் முன் அளந்து பேசுகிறார்கள் என்றால், அதைத் திறன் குறைவு என்று எழுதிவைப்பது எவ்வளவு நியாயம்?

இவர்களுக்குப் பேசத் தெரியாது என்று இன்னும் எண்ணுபவர்கள் மாசி மாதத்தில் ஒரு தோட்டத்துக்குப் போய்க் காமன் கூத்தைப் பார்க்கட்டும். பகலில் பெரட்டுக்களத்தில் 'சரிங்க' என்ற சொல்லுக்கு மேல் பேசாத மனிதர் இரவில் மதனாக வந்து நிற்கும்போது, அவரது குரல் அடுத்த மலையில் எதிரொலிக்கும். அருச்சுனன் தபசும் பொன்னர் சங்கரும் அப்படித்தான். சாவு வீட்டில் ஒப்பாரி வைக்கும் பெண் எவருடைய பயிற்சியும் இல்லாமல், இறந்தவரின் வரலாற்றையும் இருப்பவர்களின் குற்றத்தையும் இடமறிந்து, அளவறிந்து எடுத்துரைப்பாள். மலையகத்தின் முதல் தொழிற்சங்கத் தலைவரான கோ. நடேசய்யர் இதனை விளங்கிக்கொண்டவர். 1931இல் அட்டனைத் தளமாகக்கொண்டு தோட்டத் தொழிலாளர் சம்மேளனத்தை அமைத்த அவரோடு, அவரது துணைவியார் மீனாட்சியம்மையும் மேடையேறினார். கூட்டங்களில் மீனாட்சியம்மை மக்களுக்குப் பழகிய மெட்டுகளில் பாடினார். பேச்சுக்கு வராத கூட்டம் பாட்டுக்கு வந்தது. பாட்டுக்கு வந்த கூட்டம் பேச்சையும் கேட்டது.

பிற்காலத்தில் நடந்தது சற்றே துயரமானது. தொழிற்சங்கம் தொழிலாளிக்குக் குரல் கொடுத்தது. அது மறுக்க முடியாத வரலாறு. காலப்போக்கில் அந்தக் குரல் தலைவர்களின் குரலாயிற்று. கங்காணி நின்ற இடத்தில் தோட்டத் தலைவர் வந்து நின்றார். அவருக்கு மேல் மாவட்டப் பிரதிநிதி, அவருக்கு மேல் அமைச்சர். 'உனக்காக நான் பேசுகிறேன். நீ பேசாமலிரு' என்பது அன்பாகச் சொல்லப்பட்டாலும், அதன் விளைவு ஒன்றே. மானிடவியலாளர் வலன்டைன் டானியல் 1993இல் வெளியிட்ட ஆய்வுக் கட்டுரையொன்றில், தேயிலையைப் பற்றி நிர்வாகம் பேசும் மொழிக்கும் தொழிலாளர் பேசும் மொழிக்கும் இடையிலுள்ள தூரத்தை ஆராய்ந்தார். அந்தத் தூரத்தைக் குறைப்பதற்குப் பதிலாக, அதன் குறுக்கே தரகர்களை நிறுத்துவதிலேயே நாம் காலத்தைக் கழித்துவிட்டோம்.

அப்படியானால் என்ன செய்யலாம்? எனக்குத் தோன்றுவன சில.

அதிகாரிகளுக்கான மொழிப் பயிற்சியில் அழைக்கும் முறைக்கு முதலிடம் தரப்பட வேண்டும். கடிதம் மொழிபெயர்க்கும் ஆற்றலுக்குப் புள்ளி வழங்குவதைப்போல, 'வாங்க அம்மா, உட்காருங்க, சொல்லுங்க' என்ற மூன்று சொற்களுக்கும் புள்ளி வழங்க வேண்டும். 'விளங்கியதா?' என்று கேட்பதை நிறுத்திவிட்டு, 'நான் சொன்னதை நீங்கள் ஒருமுறை சொல்லுங்கள்' என்று கேட்கும் பழக்கம் வைத்தியசாலைகளிலும் அலுவலகங்களிலும் வர வேண்டும். மேலை நாட்டு வைத்தியத்துறையில் இது இன்று ஏற்றுக்கொள்ளப்பட்ட முறை. 'சரிங்க' என்ற சொல்லின் உண்மைப் பொருள் அப்போது தானாக வெளிவரும்.

பாடசாலைகளில் பிள்ளையின் கேள்விக்கு இடம் வேண்டும். பத்தனை ஸ்ரீபாத கல்வியியற் கல்லூரியில் பயிற்சி பெற்று வெளியேறும் ஆசிரியர்களில் பலர் அதே லயங்களில் பிறந்தவர்கள். அவர்களுக்கு இந்த மௌனத்தின் வேர் தெரியும். வகுப்பில் கேள்வி கேட்கும் மாணவனைப் பார்த்து 'எதிர்த்துப் பேசாதே' என்று சொல்லாத ஆசிரியர் ஒருவர் இருந்தால் போதும். பயிற்சிப் பட்டறைகள் பத்துக்கு அது சமம். தொழில் கொடுப்பவர்களோ, தலைகுனிந்து அமர்ந்திருக்கும் விண்ணப்பதாரியிடம் ஐந்து நிமிடம் கூடுதலாகப் பேசிப் பார்க்கலாம். கூடுதலாகக் கிடைக்கும் அந்த ஐந்து நிமிடத்தில் பல பிள்ளைகள் நிமிர்வதை நான் கண்டிருக்கிறேன்.

'ங்க'வைக் கைவிட வேண்டும் என்று சில இளைஞர்கள் கோபத்துடன் கூறுவதுண்டு. அந்தக் கோபம் எனக்கு விளங்குகிறது. ஆயினும், அது அவசியமென்று எனக்குத் தோன்றவில்லை. மரியாதை கொடுப்பது அடிமைத்தனமன்று. கொடுத்தது திரும்பி வராமலிருப்பதே அடிமைத்தனம். 1970களில் தோட்டங்கள் அரசுடைமையாயின. 1992இல் முகாமைத்துவம் தனியார் கம்பனிகளிடம் சென்றது. துரைமாரின் நிறமும் மொழியும் மாறின. பெரட்டுக்களத்தின் ஒருமை மட்டும் பல இடங்களில் மாறவில்லை. இப்போது பணியாற்றும் இளம் முகாமையாளர்களில் சிலர் 'வாங்க' என்று அழைக்கத் தொடங்கியிருப்பதைக் கேட்கும்போது மகிழ்ச்சியாக இருக்கிறது. அவர்களது தோட்டங்களில் கொழுந்து குறைந்துவிட்டதாக நான் கேள்விப்படவில்லை.

2023இல், மலையகத் தமிழர் இந்த மண்ணுக்கு வந்து இருநூறு ஆண்டுகள் நிறைவுற்றதை நினைவுகூர்ந்து, தலைமன்னாரிலிருந்து மாத்தளைவரை ஒரு நடைபயணம் நிகழ்ந்தது. முன்னோர் நடந்த அதே திசையில், இம்முறை தலைநிமிர்ந்து நடந்தார்கள். காணியும் வீடும் நியாயமான சம்பளமும் அவர்களது கோரிக்கைகள். அவை கிடைத்தாக வேண்டும். அவற்றோடு சேர்த்து, காசு செலவில்லாத ஒன்றையும் இந்த நாடு அவர்களுக்குக் கொடுக்க வேண்டியிருக்கிறது. அலுவலகத்தில், வைத்தியசாலையில், பஸ்ஸில், பெரட்டுக்களத்தில் அவர்களை நோக்கிச் சொல்லப்படும் முதற்சொல் 'வாங்க' என்பதாக இருக்கட்டும். அதன் பிறகு அவர்களுக்குப் பேசத் தெரியுமா, தெரியாதா என்பதைக் கேட்டு முடிவு செய்யலாம்.